பட்டமும் படிக்கட்டும்

இரண்டாம் ஆண்டு, பி.எஸ்ஸி. வேதியியல்

கல்லூரி என்றதும் நம் நினைவில் எழுவோர் யார் யார்? முதல்வர், பேராசிரியர்கள், மாணவர்கள். அத்துடன் பட்டியல் முடிந்துவிடுகிறது. காலையில் நமக்கு முன்னே வந்து வகுப்பறைக் கதவுகளைத் திறந்து வைப்பவர் ஒருவர் இருக்கிறார். ஆய்வகத்தில் குறைந்துபோன அமிலக் குப்பிகளை நிரப்பி, உடைந்த குடுவைகளுக்குக் கணக்கெழுதி வைப்பவர் ஒருவர் இருக்கிறார். நம் உதவித்தொகைப் பட்டியலைச் சரிபார்ப்பவர், மாற்றுச் சான்றிதழை எழுதிக் கையொப்பத்துக்கு அனுப்புபவர், இரவெல்லாம் விழித்துக் கட்டடத்தைக் காப்பவர் எனப் பலர் இருக்கின்றனர். இவர்கள் அனைவரையும் சேர்த்துக் குறிக்க நிருவாகம் வைத்திருக்கும் பெயர் 'ஆசிரியரல்லாப் பணியாளர்' என்பதாகும். அவர்கள் யாரல்லர் என்பதைத்தான் அந்தப் பெயர் சொல்கிறது. யார் என்பதைச் சொல்லவில்லை.

அவர்களுடைய பதவி உயர்வைப் பற்றியும், அதற்குக் கேட்கப்படும் கல்வித் தகுதியைப் பற்றியும், அதன்பொருட்டு நம் நாட்டு நீதிமன்றங்களில் நடந்த வழக்குகளைப் பற்றியும் இம்மலரில் சில பக்கங்கள் எழுத விழைகிறேன். சட்டம் பயிலாத வேதியியல் மாணவனுக்கு இந்த வேலை எதற்கு என்று நண்பர்கள் கேட்கக்கூடும். காரணம் இருக்கிறது. ஒரு மாலையில் என் கைக்கு வந்த ஒரு தாள்தான் அந்தக் காரணம்.

ஒரு தாளும் ஒரு கேள்வியும்

நான் பொழிச்சலூரைச் சேர்ந்தவன். மீனம்பாக்கத்தில் இறங்கும் விமானங்கள் கூரையைத் தொட்டுவிடுமோ என்னுமளவுக்குத் தாழ்ந்து பறக்கும் ஊர் அது. எங்கள் தெருவில் கல்லூரிக்குள் மாணவனாகக் காலடி வைத்த முதல் ஆள் நான். ஆகவே மின்வாரியக் கடிதமானாலும் வங்கிக் கடிதமானாலும் படித்துச் சொல்ல என்னிடம் கொண்டுவருவார்கள். அப்படித்தான் நான்கு வீடு தள்ளிக் குடியிருக்கும் ஒருவர் ஒரு குறிப்பாணையை எடுத்துக்கொண்டு வந்தார். அவரை நான் மாமா என்று அழைப்பது வழக்கம். நம் கல்லூரி அல்லாத வேறொரு கல்லூரியில் அலுவலக உதவியாளராகப் பணியாற்றுகிறார். பெயரும் இடமும் இங்கே வேண்டாம்.

குறிப்பாணை தமிழில்தான் இருந்தது. ஆனால் ஆட்சித் தமிழ் என்பது படித்தவனையும் இருமுறை படிக்க வைக்கும் தமிழ் அன்றோ!

"தம்பி, இதுல முடியும்னு போட்டிருக்கா, முடியாதுன்னு போட்டிருக்கா? அதை மட்டும் சொல்லுப்பா" என்றார்.

நான் வாயைத் திறந்தபோது தலைக்கு மேலே ஒரு விமானம் சென்றது. அந்த ஓசை அடங்கும்வரை அவர் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். அடங்கிய பிறகு நான் சொல்ல வேண்டிய தேவை இருக்கவில்லை.

அவருடைய வரலாறு இதுதான். பத்தாம் வகுப்பில் கணக்குப் பாடத்தில் தவறியவர். எட்டாம் வகுப்புத் தேர்ச்சியைக் கொண்டு அலுவலக உதவியாளராகச் சேர்ந்தார். சேர்ந்து இருபத்தாறு ஆண்டுகள் ஆகின்றன. பேராசிரியர்கள் படிப்பதைப் பார்த்துப் பார்த்து அவருக்கும் படிக்கும் ஆசை பிறந்தது. பள்ளிச் சான்றிதழ் இல்லாதவரையும் சேர்த்துக்கொள்ளும் திறந்தநிலைப் பல்கலைக்கழகம் ஒன்றில் முதலில் ஆயத்தப் படிப்பும், பிறகு மூன்றாண்டு பி.ஏ. வரலாறும் படித்து 2007இல் பட்டம் பெற்றார். பட்டச் சான்றிதழைச் சட்டம் போட்டுக் கூடத்தில் மாட்டியிருக்கிறார். இப்போது, தமக்குப் பின் வந்தவர்கள் இளநிலை உதவியாளராக உயர்ந்துவிட்டதைக் கண்டு, தமக்கும் அவ்வுயர்வு வேண்டுமென விண்ணப்பித்தார். பத்தாம் வகுப்புத் தேர்ச்சி இல்லை. பத்தாம் வகுப்பும் பன்னிரண்டாம் வகுப்பும் தேறாமல் பெற்ற பட்டத்தைக் கணக்கில் கொள்ள இயலாது. எனவே கோரிக்கையை ஏற்பதற்கில்லை. இதுதான் அந்தத் தாளின் சாரம்.

அவருக்கு வயது ஐம்பது. தமிழ்நாட்டில் அரசு ஊழியர் ஓய்வு வயது 2021இல் அறுபதாக உயர்த்தப்பட்டதால் இன்னும் பத்தாண்டுகள் இருக்கின்றன. தாளை மடித்துச் சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டு அவர் கேட்டார்: "பி.ஏ. பெரிசா, பத்தாவது பெரிசா? வழக்குப் போட்டா ஜெயிக்குமா தம்பி?"

எனக்குத் தெரியவில்லை. தெரியாது என்று சொல்ல வெட்கமாகவும் இருந்தது. கோட்டூர்புரம் அண்ணா நூற்றாண்டு நூலகத்தில் சில சனிக்கிழமைகள் தீர்ப்புத் தொகுதிகளைப் புரட்டியதும், தெரிந்த வழக்கறிஞர் ஒருவரைத் தொல்லைப்படுத்தியதும் அதன் பிறகுதான். அவ்வாறு அறிந்தவற்றையே இங்குத் தருகிறேன்.

படிக்கட்டின் அமைப்பு

அரசு கலைக் கல்லூரி ஒன்றின் அலுவலகத்தைப் படிக்கட்டாக நினைத்துப் பாருங்கள். அடிப்படியில் அலுவலக உதவியாளர், காவலர், துப்புரவாளர் ஆகியோர் நிற்கின்றனர். இவர்கள் தமிழ்நாடு அடிப்படைப் பணியினர். மேலே இளநிலை உதவியாளரும் தட்டச்சரும் இருக்கின்றனர். அவர்களுக்கு மேல் உதவியாளர், பின் கண்காணிப்பாளர் என்று படிகள் உயர்கின்றன. இந்த எழுத்துப் பணிகள் தமிழ்நாடு அமைச்சுப் பணியில் அடங்கும். அமைச்சுப் பணிக்குள் இளநிலை உதவியாளராக நுழையக் குறைந்த அளவுக் கல்வித் தகுதி பத்தாம் வகுப்புத் தேர்ச்சியே ஆகும், பட்டம் அன்று. அடிப்படைப் பணியில் இருப்பவர் அத்தகுதி பெற்றிருந்தால் பணி மாறுதல் வழியாக மேலே செல்ல ஒரு பங்கு ஒதுக்கப்பட்டிருக்கிறது.

அமைச்சுப் பணிக்குள் வந்தபின் வேறு வகைத் தகுதிகள் தேவைப்படுகின்றன. பவானிசாகரில் உள்ள பயிற்சி நிலையத்தில் அடிப்படைப் பயிற்சி பெற வேண்டும். சார்நிலை அலுவலர் கணக்குத் தேர்வு, அலுவலக நடைமுறை நூல் தேர்வு போன்ற துறைத் தேர்வுகளில் தேற வேண்டும். இவற்றைத் தமிழ்நாடு அரசுப் பணியாளர் தேர்வாணையம் ஆண்டுக்கு இருமுறை நடத்துகிறது. இவற்றுள் சில தாள்களுக்குப் புத்தகத்தைத் திறந்து வைத்துக்கொண்டே விடை எழுதலாம். இதைக் கேட்டு நம்மில் சிலர் நகைக்கக்கூடும். நகைக்க ஒன்றுமில்லை. அலுவலகத்தில் விதியை மனப்பாடமாக ஒப்பிக்கும்படி யாரும் கேட்பதில்லை. எந்த விதி எந்தப் பக்கத்தில் இருக்கிறது, இந்தக் கோப்புக்கு அது பொருந்துமா என்பதே கேள்வி. அந்தத் தேர்வு வேலையை அளக்கிறது.

ஆக, தகுதி இரு வகைப்படும். பள்ளியும் பல்கலைக்கழகமும் தரும் சான்றிதழ் ஒன்று. வேலையிலிருந்தே பிறக்கும் துறைத் தேர்வு மற்றொன்று. நான் படித்த வழக்குகள் அனைத்தும் முதல் வகையைப் பற்றியவையே.

நீதிமன்றங்கள் சொன்னவை

பணி விதிகளை வகுக்கும் அதிகாரத்தை அரசியலமைப்பின் 309ஆம் பிரிவு அரசுக்குத் தருகிறது. அவ்விதிகள் 14ஆம் பிரிவு கூறும் சமத்துவத்துக்கும், 16ஆம் பிரிவு கூறும் வேலைவாய்ப்புச் சமவாய்ப்புக்கும் மாறுபடக் கூடாது. பதவி உயர்வு என்பது உரிமை அன்று. தகுதியுள்ளவர் அதற்குப் பரிசீலிக்கப்படுவதே உரிமை. இவ்வளவும் இன்று நிலைபெற்ற சட்டம். அப்படியானால் படிப்பைக் காட்டி ஒருவரை மேலேற்றி, ஒருவரைக் கீழே நிறுத்துவது சமத்துவத்துக்கு முரண் ஆகாதா?

1967இல் மைசூர் மாநிலத்து வழக்கொன்று உச்ச நீதிமன்றம் வந்தது. வரைபடங்களைப் படியெடுக்கும் ஊழியர்களுள் மெட்ரிகுலேஷன் தேறியவர்க்கு ஒரு சம்பளம், தேறாதவர்க்கு ஒரு சம்பளம் என்று பிரித்தது சரியா என்பது அவ்வழக்கு. சரியே என்றது நீதிமன்றம். 1973இல் ஜம்மு காஷ்மீரப் பொறியாளர் வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்ந்தனர். உதவிப் பொறியாளர்களாக ஒரே வேலையைச் செய்துவந்தவர்களுள் பட்டம் பெற்றவர் மட்டுமே செயற்பொறியாளர் ஆகலாம், பட்டயம் பெற்றவர் ஆக முடியாது என்ற விதியை நீதிபதி ஒய்.வி. சந்திரசூட் எழுதிய தீர்ப்பு ஏற்றது. ஆயினும் அதே வழக்கில் தனியே சில சொற்கள் எழுதிய நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர், இவ்வாறு வகுத்துப் பிரிப்பதற்கு எல்லை வேண்டும், இல்லையேல் சமத்துவத்தையே அது விழுங்கிவிடும் என்ற கருத்துப்பட எச்சரித்தார்.

அந்த எச்சரிக்கை மறுஆண்டே வலுப்பெற்றது. 1974இல் ஆந்திர மாநில மேற்பார்வையாளர் வழக்கில் நீதிபதி பி.என். பகவதி, உயர்ந்த பதவியின் கடமைகள் கேட்காத கல்வித் தகுதியைக் காட்டி வேறுபாடு செய்தால் சமத்துவத்தின் சமூக நோக்கமே நெரிக்கப்படும் என்ற பொருளில் எழுதினார். நம் நாட்டில் கல்வி என்பது வசதியுள்ளவர்க்கே எளிதில் கிட்டியது என்பதை மனத்திற்கொண்டால் இச்சொல்லின் ஆழம் விளங்கும். எனினும் அவ்வழக்கின் பழைய வரலாற்றைக் கருதி அவ்விதியை நீதிமன்றம் விட்டுவைத்தது. இன்னொன்றையும் நோக்குக. 1956இல் மாநிலங்கள் சீரமைக்கப்பட்டபோது முளைத்த சிக்கல் அது. முடிவு கண்டது 1974இல். இடையில் எத்தனை பேர் ஓய்வு பெற்றிருப்பர்!

நம் மாநிலத்து வழக்கொன்றும் உண்டு. தமிழ்நாடு குடிநீர் வடிகால் வாரியத்தில் பட்டம் பெற்றவர்க்கும் பட்டயம் பெற்றவர்க்கும் இடையே எழுந்த பதவி உயர்வு வழக்கை 1994இல் தீர்த்தபோது, அதுவரை வந்த தீர்ப்புகளைத் தொகுத்து உச்ச நீதிமன்றம் மூன்று நெறிகளைக் கூறியது. உயர்கல்வியைக் கொண்டு ஊழியரை வகைப்படுத்தலாம். அது ஏற்கத்தக்கதா என்பது அந்தந்த வழக்கின் சூழலைப் பொறுத்தது. உயர்கல்வி இல்லை என்று பதவி உயர்வை முற்றிலும் தடுக்கலாம். வாய்ப்பைக் குறைக்கவும் செய்யலாம். ஆனால் அந்தக் குறைப்பு, பதவி உயர்வு வாய்ப்பைப் பெரிதும் சிதைக்கும் அளவுக்குப் போகக் கூடாது. அதற்கு முன்பே, 1989இல் அறிவியல் தொழில் ஆராய்ச்சிக் கழக ஊழியர் ஒருவரின் வழக்கில், ஒருவரை நிறுவனம் சேர்த்துக்கொள்வது ஒரு வேலைக்காக மட்டும் அன்று, ஒரு பணிவாழ்வுக்காக என்ற கருத்தையும் அந்நீதிமன்றம் வலியுறுத்தியிருந்தது.

இவற்றைப் படித்தபோது எனக்கு மகிழ்ச்சி பிறந்தது. மாமாவுக்கு வழி இருக்கிறது என்றே எண்ணினேன். 2009ஆம் ஆண்டுத் தீர்ப்பைப் படிக்கும்வரை அந்த மகிழ்ச்சி நீடித்தது.

2009இல் விழுந்த கதவு

தரமணியில் உள்ள அரசுத் திரைப்படப் பயிற்சி நிறுவனத்தின் முதல்வர் பதவி பற்றிய வழக்கு அது. இளங்கலைப் பட்டம் பெறாமலே திறந்தநிலை முறையில் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் எம்.ஏ. பெற்ற ஒருவரை அப்பதவியில் அமர்த்தியது செல்லுமா என்பது கேள்வி. செல்லாது என்று 2009இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பல்கலைக்கழக மானியக் குழு 1985இல் வகுத்த நெறிமுறைகள் திறந்தநிலைக் கல்வியையும் கட்டுப்படுத்தும் என்பது தீர்ப்பின் அடிப்படை.

அதே ஆண்டு ஆகஸ்டு 18ஆம் நாள் தமிழ்நாடு அரசின் பணியாளர் மற்றும் நிருவாகச் சீர்திருத்தத் துறை 107ஆம் எண் அரசாணையை வெளியிட்டது. பத்தாம் வகுப்பும் பன்னிரண்டாம் வகுப்பும் தேறிய பிறகு திறந்தநிலைப் பல்கலைக்கழகத்தில் பெற்ற பட்டமே அரசுப் பணி நியமனத்துக்கும் பதவி உயர்வுக்கும் ஏற்கப்படும் என்பது அந்த ஆணை. நண்பர்களே, மாமா பட்டம் பெற்றது 2007இல். ஆணை வந்தது 2009இல்.

இங்கே ஒரு வியப்பைக் குறிப்பிட வேண்டும். மானியக் குழுவின் அதே 1985 நெறிமுறைகள், பள்ளிச் சான்று எதுவும் இல்லாதவரும் இருபத்தொரு வயது நிறைந்திருந்து, பல்கலைக்கழகம் நடத்தும் நுழைவுத் தேர்வில் தேறினால், தொலைநிலையில் முதற்பட்டம் பயிலலாம் என்று இடம் கொடுத்திருந்தன. படிக்கலாம் என்றது ஒரு விதி. படித்ததை உத்தியோகத்துக்குக் கொண்டுவராதே என்றது மற்றொரு விதி. இரண்டுக்கும் இடையில் நின்றவர்களுள் ஒருவர்தான் எங்கள் தெருக்காரர்.

பி.ஏ. பெரிதா, பத்தாவது பெரிதா?

உயர்ந்த படிப்பு தாழ்ந்த படிப்பை உள்ளடக்காதா என்ற அவருடைய கேள்வியும் நீதிமன்றம் ஏறிய கேள்விதான். கேரள மின்வாரியத்தில் துணைப் பொறியாளர் பதவிக்குப் பட்டயம் கேட்கப்பட்டது. பட்டம் பெற்றவர்கள் விண்ணப்பித்தனர். பட்டயத்தை உள்ளடக்கிய உயர்தகுதி பட்டம் என்று 2010இல் உச்ச நீதிமன்றம் அவர்கள் பக்கம் நின்றது. ஆனால் அதற்கு அடிப்படை, அவ்வாறு கொள்ளலாம் என்று கேரள விதியிலேயே ஒரு வரி இருந்தது. 2018இல் ஜம்மு காஷ்மீரத்தில், மெட்ரிக் தேர்ச்சியோடு ஐ.டி.ஐ. சான்றும் கேட்கப்பட்ட தொழில்நுட்பர் பதவிக்குப் பட்டயம் பெற்றவர்கள் உரிமை கோரினர். விதியில் அத்தகைய வரி இல்லாதபோது உயர்ந்தது தாழ்ந்ததை உள்ளடக்கும் என்று நீதிமன்றம் தானே சேர்த்துப் படிக்க இயலாது என்று தீர்ப்பாயிற்று. எழுதியவர் நீதிபதி டி.ஒய். சந்திரசூட். 1973இல் அதே மாநிலத்துப் பொறியாளர் வழக்கில் தீர்ப்பு எழுதியவரின் மகன். நாற்பத்தைந்து ஆண்டுகளில் தந்தையிடமிருந்து மகனிடம் நாற்காலி வந்தது. கேள்வி மட்டும் அவ்வளவாக மாறவில்லை.

படிப்பு மிகுந்து போனாலும் சிக்கல்தான். ஒரு வங்கி, கடைநிலை ஊழியர் பதவிக்குப் பன்னிரண்டாம் வகுப்புத் தேறியவர் போதும், பட்டதாரி கூடாது என்று விளம்பரம் செய்தது. பட்டத்தை மறைத்து வேலைபெற்ற ஒருவரை அது நீக்கியது செல்லும் என்று 2020இல் உச்ச நீதிமன்றம் கூறியது. பட்டம் இல்லாததால் ஏற முடியாதவர் ஒருபுறம். பட்டம் இருந்ததால் நுழைய முடியாதவர் மறுபுறம்!

ஆகவே மாமாவின் கேள்விக்கு எனக்குக் கிடைத்த விடை இனிப்பானது அன்று. வழக்குப் போடலாம். ஆனால் விதி எதிர்ப்பக்கம் நிற்கிறது. முன்பு அரசு ஊழியர் வழக்குகளுக்கென்றே 1988 முதல் இயங்கிய மாநில நிருவாகத் தீர்ப்பாயமும் 2006இல் மூடப்பட்டுவிட்டது. இன்று உயர் நீதிமன்றத்தையே அணுக வேண்டும். எஞ்சியிருப்பதோ பத்தாண்டுகள்.

மறுதரப்பையும் கேட்போம்

இவ்வளவு எழுதியதால், தகுதியே வேண்டாம் என்பது என் கருத்து என யாரும் கொள்ள வேண்டாம். இளநிலை உதவியாளர் ஒரு மாணவரின் சாதிச் சான்றில் ஓர் எழுத்தைத் தவறாகப் படித்தால் உதவித்தொகை நின்றுவிடும். தேர்வுக் கட்டணப் பட்டியலில் ஒரு பெயர் விடுபட்டால் ஓராண்டு வீணாகும். நம்மைப்போல் முதல் தலைமுறையாகப் படிக்க வருபவர்க்கு அந்த ஒரு தவறு கல்லூரிக் கதவையே மூடிவிடக்கூடும். கணக்கும் மொழியும் தெரிந்தவர்தான் அந்த நாற்காலியில் அமர வேண்டும். அந்த வகையில் பத்தாம் வகுப்புத் தேர்ச்சி என்பது மிகையான கோரிக்கை அன்று. அது அந்த வேலை கேட்கும் தகுதியே. பகவதி அவர்களின் அளவுகோலில் வைத்தாலும் அது தேறும்.

போலிப் படிப்புகளின் ஆபத்தும் உண்டு. நிகர்நிலைப் பல்கலைக்கழகங்கள் சில உரிய அனுமதியின்றித் தொலைநிலையில் வழங்கிய பொறியியல் பட்டங்களைப் பற்றி 2017இல் உச்ச நீதிமன்றம் கடுமையாகத் தீர்ப்பளித்தது. பணியிலிருந்துகொண்டே அப்பட்டங்களைப் பெற்று, அவற்றைக் காட்டிப் பதவி உயர்வு அடைந்தோரும் அதில் சிக்கினர். தாளில் அச்சிட்டதெல்லாம் பட்டம் என்று அரசு ஏற்க முடியாது என்பதும் நியாயமே.

என் சொந்த நலனையும் மறைக்க விரும்பவில்லை. அடுத்த ஆண்டு பட்டம் பெற்றதும் நானும் நான்காம் தொகுதித் தேர்வு எழுதுவேன். நம்மில் பெரும்பாலோர் எழுதுவோம். பத்தாம் வகுப்பே போதும் என்ற அத்தேர்வுக்கு 2024இல் முதலில் அறிவிக்கப்பட்ட இடங்கள் 6,244. விண்ணப்பித்தவர்களோ இருபது லட்சத்துக்கும் மேல். பட்டதாரிகளும் அங்கே குவிகிறோம். இளநிலை உதவியாளர் இடங்களில் கீழிருந்து ஏறிவருபவர்க்கு ஒரு பங்கு போனால், நேரடியாக வருகிற எனக்கு அந்தப் பங்கு குறையும். அவர் ஏறுவதும் நான் நுழைவதும் ஒரே படியில்தான். இதை அறிந்தே எழுதுகிறேன்.

என் கருத்து

தகுதி விதி நியாயமானதா என்று அறிய இரண்டு கேள்விகள் கேட்க வேண்டும் என்பது என் எண்ணம். மேலே உள்ள வேலைக்கு அந்தத் தகுதி உண்மையில் தேவைதானா? அந்தத் தகுதியைப் பெறும் வழி, கீழே நிற்பவர்க்கு உரிய காலத்தில் தெரிந்தும் திறந்தும் இருந்ததா? முதற் கேள்வியை நீதிமன்றங்கள் ஐம்பதாண்டுகளுக்கும் மேலாகக் கேட்டு வருகின்றன. இரண்டாம் கேள்வியை நீதிமன்றம் ஓரளவே கேட்க முடியும். அதற்கு விடை தர வேண்டியவர்கள் அரசும் கல்லூரியும் ஆவர், நாமும் ஆவோம்.

மாமா ஏமாந்தது சோம்பலால் அன்று. ஆறு ஆண்டு உழைப்பில் ஓர் ஆண்டைக் கணக்குப் பாடத்துக்கு ஒதுக்கியிருந்தால் பத்தாம் வகுப்பில் தேறியிருப்பார். அந்த ஓர் ஆண்டுதான் விதிக்குத் தேவையாக இருந்தது என்று அவரிடம் சொல்ல ஒருவரும் இல்லை. அவரைச் சுற்றிலும் முனைவர் பட்டம் பெற்றவர்கள் இருந்தனர். தேநீர் வாங்கி வந்து கொடுத்தார். வருகைப் பதிவேட்டை எடுத்துப் போனார். அவர் என்ன படிக்கிறார், எதற்காகப் படிக்கிறார் என்று யாரும் கேட்கவில்லை. அறிவை விளக்காக வைத்திருக்கும் இடத்தில், விளக்கடியிலேயே அத்தனை இருள்.

எனவே மூன்று செயல்களை முன்வைக்கிறேன்.

முதலாவது, ஒவ்வொரு கல்லூரி அலுவலகத்திலும் ஓர் அறிவிப்புப் பலகை. எந்தப் பதவிக்கு எந்தத் தகுதி, எந்த வரிசையில் பெற்ற படிப்பு ஏற்கப்படும், துறைத் தேர்வுக்கு எப்போது விண்ணப்பிக்க வேண்டும் என்பவற்றை எளிய தமிழில் எழுதி மாட்ட வேண்டும். சுண்ணக்கட்டியும் ஒரு மணி நேரமும் போதும். வழக்குச் செலவைவிட மலிவு.

இரண்டாவது, தகுதி விதியை அரசு மாற்றும்போதெல்லாம், ஏற்கெனவே பணியிலிருப்போர்க்குச் சில ஆண்டுக் காலக்கெடு தருதல். 'இன்ன ஆண்டுக்குள் இன்ன தேர்வில் தேறிவிடு. அதுவரை உன் வரிசை காக்கப்படும்' என்று சொல்லலாம். தகுதியும் குறையாது, மனிதரும் குறையார்.

மூன்றாவது நம் கையில் இருப்பது. நாட்டு நலப்பணித் திட்டத்தில் சேர்ந்த மாணவர் ஒவ்வொருவரும் இரண்டாண்டுகளில் 240 மணி நேரம் தொண்டு செய்ய வேண்டும். கிராமத்துக்குச் சென்று கோயிலைச் சுற்றிப் புல் செதுக்குகிறோம், நல்லதுதான். அந்த மணிகளில் சிலவற்றை நம் கல்லூரிக்குள்ளேயே செலவிட்டால் என்ன? மாலை ஐந்து மணிக்கு ஒரு வகுப்பறையைத் திறந்து வைப்போம். பத்தாம் வகுப்பும் பன்னிரண்டாம் வகுப்பும் தனித்தேர்வராக எழுத விரும்பும் ஊழியர்க்குக் கணக்கு மாணவர் கணக்கும், ஆங்கில மாணவர் ஆங்கிலமும் கற்றுத் தரலாம். வணிகவியல் பேராசிரியர் ஒருவர் மனம் வைத்தால் கணக்குத் தேர்வுக்கும் பயிற்சி தரலாம். பட்டம் வழங்கும் இடத்தில் பத்தாவது தேறாதவர் ஒருவர் இருபத்தாறு ஆண்டுகள் பணி செய்தார் என்பது அவருடைய குறை மட்டும்தானா? அந்தக் கல்லூரிக்கும் அதில் பங்கில்லையா?

திருக்குறளில் தெரிந்து வினையாடல் என்றே ஓர் அதிகாரம் உண்டு. ஆளை அறிந்து வேலை கொடுப்பது ஆள்வோர் கடமை என்று நம் முன்னோர் எண்ணினர். அறிவது என்றால் சான்றிதழைப் பார்ப்பது மட்டும் அன்று. அந்த ஆள் வளர விரும்புகிறாரா என்று பார்ப்பதும் அதில் அடங்கும் என்றே நான் பொருள் கொள்கிறேன்.

இப்போது

நான் அறிந்ததையெல்லாம் மாமாவிடம் சொன்னேன். வழக்கின் நிலையையும் மறைக்கவில்லை. வெகுநேரம் பேசாமல் இருந்தார். பிறகு, "அப்போ அந்தக் கணக்கை எழுதித் தொலைச்சிர வேண்டியதுதானா?" என்று சிரித்தார். பத்தாம் வகுப்புத் தனித்தேர்வு எழுதுவதென முடிவு செய்துவிட்டார். வரலாற்றுப் பட்டதாரிக்குச் சமூக அறிவியலும் தமிழும் பயமில்லை. கணக்குத்தான் இன்றும் பயம். இரவு எட்டு மணிக்கு மேல் எங்கள் வீட்டுத் திண்ணையில் புத்தகத்தோடு வந்து உட்காருகிறார். இருபடிச் சமன்பாட்டைக் காரணிப்படுத்தும்போது விமானம் வந்தால் இருவரும் நிறுத்திவிட்டு, ஓசை போனதும் விட்ட இடத்தில் தொடங்குகிறோம். சென்ற வாரம் ஐந்து கணக்குகளில் நான்கு சரியாகப் போட்டார்.

அவர் தேறுவார் என்று நம்புகிறேன். ஆனால் அவர் ஒருவர் தேறுவதால் மட்டும் கேள்வி தீர்ந்துவிடாது. நம் கல்லூரியிலும் அவரைப்போல் யாரேனும் இருக்கக்கூடும். அடுத்த முறை ஆய்வகத்தில் குடுவையை எடுத்துத் தருபவரிடம், அலுவலகத்தில் நம் விண்ணப்பத்தை வாங்கி வைப்பவரிடம், "என்ன படித்திருக்கிறீர்கள் ஐயா? மேலே எழுத விருப்பம் உண்டா?" என்று ஒரு வார்த்தை கேட்டுப் பாருங்கள், தோழர்களே. ஆம் என்று விடை வந்தால், மாலை ஐந்து மணிக்கு அந்த வகுப்பறையை இந்த முறை நாம் அவருக்காகத் திறந்து வைப்போம். நாள்தோறும் நமக்குக் கதவு திறந்தவர் வாசலிலேயே நின்றுவிடலாகாது.